குறைகாரன்

கீழ்க்கரைச் சமதர்மக் குடியரசில் எல்லாருக்கும் ஒரே அரிசி, ஒரே துணி. மந்திரிக்கும், துறைமுகத்தில் மூட்டை இறக்குகிறவனுக்கும் இரண்டு அறை, ஒரு அடுக்களை, கடலைப் பார்த்தோ பார்க்காமலோ ஒரு ஜன்னல். இதில் ஒருத்தனைப் பார்த்து ஒருத்தன் வயிறெரிய என்ன இருக்கிறது என்று கட்சிக்காரர்கள் மேடைக்கு மேடை கேட்பார்கள். கைத்தட்டலை அவர்கள் கணக்கில் சேர்த்துக்கொள்ளவில்லை. அதை ஆளுக்கு ஒரு படி என்று அளந்து கொடுக்க எந்தப் புரட்சிக்கும் வழி தெரியவில்லை. அது மொத்தமாகத் திரவியத்துக்குப் போனது. கொம்பையாவுக்கு ஒரு கைப்பிடிகூட வரவில்லை.

திரவியம் அந்தக் குடியரசின் பண்பாட்டு மந்திரி. குடியரசு பிறந்த நாளிலிருந்து தான் சாகிற நாள்வரை அவர்தான். கொம்பையா பண்பாட்டு மாளிகையில் திரை இழுக்கிறவர்.

திரவியம் செத்த அன்று துறைமுகத்தில் ஒரு கிரேன்கூட அசையவில்லை. ஊர்வலத்தின் கடைசியில், வலிக்கிற முழங்காலைப் பிடித்துக்கொண்டு கொம்பையா நின்றார்.

"செத்தும் கூட்டம் சேக்கான் பாரு" என்று வாய்க்குள் சொல்லிக்கொண்டார்.

பக்கத்தில் நின்ற மீன்காரி மூக்கைச் சிந்தினாள். "நல்ல மனுசன், என்ன அண்ணாச்சி?"

"நீ அவன்கூட ஒருநாளாவது வேலை பாத்திருக்கியா?"

"இல்லையே."

"அப்ப நல்ல மனுசன்தான்."

இரண்டு பேரும் ஒரே காலத்தில் உப்பு மூட்டை சுமந்தவர்கள். துறைமுகம் கம்பெனிக்காரன் கையில் இருந்த காலம் அது. தொழிலாளிகள் சேர்ந்து ஒரு நாடகக் குழு வைத்திருந்தார்கள். எழுதுவது திரவியம். போலீஸ்காரன் வேஷம் கொம்பையாவுக்கு. உடம்பும் மீசையும் அப்படி. 'ஏழாம் நம்பர் கிட்டங்கி' என்று ஒரு நாடகம். கூலி கேட்டவனை, உப்பு மூட்டை அடுக்குகிற கிட்டங்கியின் வாசலில் போலீஸ் சுட்டுவிடுகிறது. பெண்டாட்டி ஓடிவந்து பிணத்தின்மேல் விழுந்து அழுகிறாள், திரை விழுகிறது. திரவியம் எழுதியது அவ்வளவுதான்.

ஒத்திகையில் பீடியை அணைத்துவிட்டுக் கொம்பையா சொன்னார்: "அவ அழுதா சனமும் அழுதுட்டு வீட்டுக்குப் போயி சோறு திங்கும்வே. அழ வேண்டாம். சுட்ட போலீஸ்காரன் வெயில் தாங்காம மயங்கி விழட்டும். புருசனுக்குக் கொண்டாந்த கஞ்சிய அவ அவன் வாயில ஊத்தட்டும். ஒரு வார்த்தை பேசப்புடாது."

திரவியம் இடது காதைத் தேய்த்தார். எதையாவது ஒத்துக்கொள்ள வேண்டி வந்தால் அந்தக் காது அவருக்கு அரிக்கும். அப்படியே எழுதிக்கொண்டார்.

முதல் ஆட்டத்தில் கஞ்சி ஊற்றி முடிந்ததும் சனம் எழுந்து வீட்டுக்குப் போகவில்லை. நேரே போய் நிஜக் கிட்டங்கியின் கதவை உடைத்தது. குடியரசு அங்கேதான் பிறந்தது; மற்றதெல்லாம் பள்ளிக்கூடப் புத்தகத்தில் இருக்கிறது. நாடகம்: தோழர் திரவியம். படம் ஒன்றும் போட்டிருக்கிறார்கள். அதன் கீழே, 'போலீஸ்காரராக மற்றொரு தோழர்'.

மற்றொரு தோழர். கொம்பையாவின் பேத்தி அந்தப் பாடத்தை உரக்கப் படித்தபோது அவர் சாப்பாட்டைப் பாதியில் விட்டு எழுந்து போனார்.

அந்த நாட்டில் ஒரு வழக்கம் உண்டு. பெரிய பதவியில் இருக்கிற ஒவ்வொருத்தருக்கும் ஒரு குறைகாரர். வருஷம் முழுக்க அவரைப் பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும். குறைநாள் அன்று சனங்களுக்கு முன்னால் மேடையேறி அவருடைய குறை ஒன்றைச் சொல்ல வேண்டும். பதவிக்காரர் 'ஏற்கிறேன்' என்பார், அல்லது 'மறுக்கிறேன்' என்பார். மறுத்தால் சனம் கை தூக்கும். ஏற்றுவிட்டால் அதற்குமேல் பேச்சில்லை. பொழுது சாய்வதற்குள் அந்தக் குறையைத் தீர்க்கிற காரியம் தொடங்கியாக வேண்டும். கட்சியே நினைத்தாலும் தடுக்க முடியாது.

நல்ல வழக்கம்தான். ஆனால் மனுஷன் கையில் எது நல்லதாக இருந்திருக்கிறது? கொஞ்ச காலத்தில் மந்திரிமார் ஆளுக்கு ஒரு மச்சானைக் குறைகாரராகப் பிடித்துக்கொண்டார்கள். 'எங்கள் தோழர் நேரத்துக்குச் சாப்பிடுவதில்லை, அதுதான் குறை' என்று மச்சான் சொல்ல, 'ஏற்கிறேன்' என்று மந்திரி கும்பிட, கூட்டம் கலையும்.

திரவியத்துக்கு மட்டும் முதல் வருஷத்திலிருந்து கொம்பையாதான். கொம்பையா சாப்பாட்டைப் பற்றிப் பேசவில்லை. ராணுவத் தளபதிக்கு முன்வரிசையைக் காலி செய்ய வைத்ததைச் சொன்னார். ஆலைக்கு ஆலை நாடகநாள் என்று ஆணை போட்டு, ராத்திரி ஷிப்ட் பார்த்துவிட்டுத் தூங்குகிற தறிக்காரனை எழுப்பி ராஜா வேஷம் போட வைத்ததைச் சொன்னார். நாடகம் நடக்கும்போது மந்திரி கண்ணைத் திறந்துகொண்டே தூங்குவார் என்று சொன்னார். திரவியம் எதையும் லேசில் ஏற்கமாட்டார். மேடையில் சட்டையைச் சுருட்டிக்கொண்டு மல்லுக்கு நிற்பார். கடைசியில் காதைத் தேய்த்துக்கொண்டு, "சரிவே, ஏற்கிறேன்" என்பார்.

ஒரு வருஷம், கொல்லுப்பட்டறைக்காரி ஒருத்தி எழுதிய நாடகத்தைப் படிக்காமலே தடை செய்தார் என்று கொம்பையா சொன்னார். திரவியம் ஏற்றார். அந்த நாடகம் மேடையேறியது. அதில் மந்திரியைத்தான் கிழிகிழி என்று கிழித்திருந்தாள். திரவியம் முன்வரிசையில் உட்கார்ந்து முழுக்கப் பார்த்துவிட்டு எழுந்து நின்று கைத்தட்டினார். அவர் கைத்தட்டியதற்காகச் சனம் அவருக்குக் கைத்தட்டியது.

குறை சொன்னது கொம்பையா. எழுதினது கொல்லச்சி. கைத்தட்டு அவனுக்கு. அன்றைக்குத் திரையை இழுக்கும்போது கயிறு கையை அறுத்ததுகூடக் கொம்பையாவுக்குத் தெரியவில்லை.

இத்தனை வருஷத்தில் கஞ்சிக் காட்சியை மட்டும் அவர் குறையாகச் சொன்னதில்லை. கேட்டு வாங்கினால் அது பிச்சை. அவன் வாயால் அவனாகச் சொல்ல வேண்டும் என்று காத்திருந்தார். அவன் சொல்லாமலே செத்துப்போனான்.

திரவியம் போன கொஞ்ச மாதத்தில் ரேஷன் அரிசியில் கால்வாசியைக் குறைத்தார்கள். துறைமுகத்தில் முணுமுணுப்பு எழுந்தது. அப்போதுதான் கட்சிச் செயலாளர் வேலப்பன் கொம்பையா வீட்டுப் படி ஏறினார். கூடவே சபூரா என்று ஒரு பொண்ணு, எந்திரம் படித்தவள். வேலப்பன் உட்கார்ந்ததும் வீட்டைப் புகழ்ந்தார். புகழ்கிறவன் எதையோ எடுத்துப் போக வந்திருக்கிறான் என்பது கொம்பையாவின் கணக்கு.

"என்ன வேணும், சொல்லும்."

"தோழர் திரவியம் வேணும்" என்றார் வேலப்பன்.

"சுடுகாட்டுல இருக்காரு."

சபூரா சிரித்துவிட்டாள். பிறகு அவளே சொன்னாள். "செத்தவங்க, தெரிஞ்சவங்க தலைக்குள்ள துண்டு துண்டா இருப்பாங்க, பெரியவரே. நாங்க அதைப் படியெடுத்து ஒட்டவைக்கிறோம். மறுவாய்னு பேரு. உடம்பு கிடையாது, வெளிச்சத்துல ஒரு உருவம். ஆனா பேசும், கேட்டா யோசிச்சுப் பதில் சொல்லும்."

"ஒட்டவச்சாச்சா?"

"ஒருதடவ. மந்திரிமார் எல்லார்கிட்டயும் எடுத்தோம்." அவள் வேலப்பனைப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினாள். "என்ன கேட்டாலும் 'தோழர்களே'ன்னு ஆரம்பிக்குது. ரெண்டு நாடகத்தைக் காட்டி எது நல்லாருக்குன்னு கேட்டா, எல்லாம் மக்கள் படைப்புங்குது. மந்திரிமார் அவரைப் பாத்ததே இல்ல, பெரியவரே. தங்களுக்கு எப்பப் பேச முறை வரும்னு பாத்துக்கிட்டு இருந்திருக்காங்க."

"அவன் பெஞ்சாதி?"

"ஞானப்பூ அம்மா தரமாட்டேன்னுட்டாங்க. தந்தாலும் பிரியம் வச்சவங்க நினைவு மங்கலாத்தான் வரும். முகம் இருக்காது, வெளிச்சம் இருக்கும். பகை வச்சவங்ககிட்ட முகம் கோணலா வரும்." கொஞ்சம் நிறுத்தினாள். "போன மாசம் மாளிகையில உங்க எல்லாருக்கும் தலையில ஒரு கருவி வச்சுச் சோதிச்சோமே, காய்ச்சல் பாக்கன்னு சொல்லி? உங்ககிட்ட அவரு சட்டைப் பொத்தான் வரைக்கும் இருக்காரு. மூணாவது பொத்தான் வேற நிறம்."

"காய்ச்சல் பாக்கன்னா சொன்னீங்க?" கொம்பையா வேலப்பனை முறைத்தார். வேலப்பன் ஜன்னலைப் பார்த்தார்.

"அது எதனால எங்கிட்ட மட்டும் அப்படி?" என்று கொம்பையா சபூராவிடம் கேட்டார்.

"நீங்க அவரைக் கண்ணெடுக்காம பாத்திருக்கீங்க" என்றாள் அவள். இன்னொரு வார்த்தை நாக்கு நுனிவரை வந்தது, மரியாதைக்காக விழுங்கிக்கொண்டாள். அவள் விழுங்கியது என்ன வார்த்தை என்று அவருக்குத் தெரியும்.

"சனம் அவர் சொன்னா கேக்கும், தோழர்" என்றார் வேலப்பன். "அவர் இடத்துக்கு இன்னும் ஆள் போடல. மந்திரியா அவரே குறைநாள் மேடையில வந்து, அரிசியைப் பத்தி ரெண்டு வார்த்தை. அவ்வளவுதான்."

"செத்தவன் வந்து சோத்தைக் குறைச்சுத் தின்னுன்னு சொல்லணும். அவனுக்கென்ன, பசியா எடுக்கும்?"

இப்படிச் சொல்லிவிட்டாலும் கொம்பையாவின் மனசுக்குள் வேறொன்று ஓடியது. வாய் திரும்பி வருகிறது. அந்த வாயிலிருந்து வர வேண்டிய ஒரு பேச்சு பாக்கி இருக்கிறது. அதற்காக அவர் சம்மதித்தார்.

பானை மாதிரி ஒன்றைத் தலையில் கவிழ்த்து உட்கார வைத்தார்கள். பல நாள் போனார். திரவியத்தை நினையுங்கள் என்பாள் சபூரா. அதற்கு அவருக்குச் சொல்லித்தர வேண்டுமா? திரவியத்தின் தலைமுடி, கிழவனான பிறகும் கொட்டாத முடி. பேசுவதற்கு முன் ஒரு மூச்சு நிறுத்துவானே, கூட்டம் மொத்தமும் அவனோடு மூச்சை நிறுத்துமே, அது. மேடையில் மாலை விழும்போது குனிகிற குனிவு, தான் எளியவன் என்று ஊருக்குக் காட்டுகிற குனிவு. அவனுக்குக் கிடைத்த ஜன்னல் கடலைப் பார்க்கும். குலுக்கலில்தான் விழுந்தது, ஆனால் குலுக்கலும் அவன் பக்கம்தானே விழுகிறது? எல்லாவற்றையும் கொம்பையா நினைத்தார். நினைக்க நினைக்கப் பானை சூடானது.

"என்ன பண்ணினாலும் அது திரவியம் ஆகாது தாயி" என்று நடுநடுவே சொல்லிக்கொண்டும் இருந்தார்.

"தலையை ஆட்டாதீங்க" என்பாள் அவள்.

கடைசியில் ஒருநாள் காலையில், ஆளில்லாத அரங்கில், மேடைக்கு நடுவில் வெளிச்சத்தை விட்டாள். வேட்டி வந்தது. சட்டை வந்தது, நிறம் மாறின மூன்றாவது பொத்தானோடு. அந்த முடி வந்தது. பேசுவதற்கு முன் அந்த ஒரு மூச்சு நின்றது.

"என்னவே கொம்பையா, முழங்கால் எப்படி இருக்கு?"

கொம்பையா ஒரு அடி முன்னால் வந்தார். "உமக்கென்னவே அதைப் பத்தி? நீரு செத்து சொகமா இருக்கீரு."

"செத்தாலும் உம்ம வாய்க்குப் பயந்துல்லா கெடக்கேன்."

கொம்பையா சிரித்துவிட்டார். பிறகு, சிரித்ததற்காகத் தன்மேலேயே கோபப்பட்டார். முன்வரிசை நாற்காலியில் உட்கார்ந்தார். கேட்கலாமா என்று யோசித்துக்கொண்டிருக்கும்போதே உருவம் இடது காதைத் தேய்த்தது.

"அந்தக் கஞ்சிக் காட்சி உம்முடையதுவே. நான்தான் உம்ம பேரைப் போடாம விட்டேன்."

எத்தனை காலம்! கொம்பையாவின் நெஞ்சுக்குள் எதுவோ அவிழ்ந்தது. நாற்காலிக் கையைப் பிடித்துக்கொண்டார். சபூராவைத் திரும்பிப் பார்த்தார், அவளும் கேட்டாளா என்று.

"ஏன் போடல?" என்று கேட்டார்.

"உம்ம கூர்மையைக் கண்டு பயந்துட்டேன்வே. உம்ம பேரைப் போட்டா சனம் என்னை விட்டுட்டு உம்ம பின்னால வந்துருமோன்னு பயம்."

அந்தப் பேச்சு கொம்பையாவுக்குப் பழக்கமான பேச்சு. எங்கே கேட்டோம் என்று தேட வேண்டியிருக்கவில்லை. காலையில் முகம் மழிக்கும்போது, கண்ணாடிக்கு முன்னால், திரவியம் என்றாவது ஒருநாள் சொல்லப்போகிறான் என்று அவரே திரவியத்தின் குரலில் சொல்லிப் பார்த்த பேச்சு. ஒரு வார்த்தை மாறாமல் வந்திருக்கிறது.

அவிழ்ந்தது மறுபடி முடிச்சு விழுந்தது.

"இன்னொண்ணு கேக்கேன்" என்றார். "எல்லா மந்திரியும் குறைகாரனை மாத்தினான். நீரு மட்டும் ஏன் என்னையே வச்சிருந்தீரு?"

"பெருந்தன்மையைக் காட்டத்தான். திட்டுறவனைப் பக்கத்துல வச்சிருக்கார்னு சனம் பேசுமே."

"அதுக்கா?"

"இல்ல. எதிரி கண்ணு முன்னால இருந்தா நல்லதுல்லா?"

"எதுவே நெசம்?"

"சோம்பல்தான்வே. வேற ஆளைத் தேட யாரு அலைய?" என்றது உருவம், அதே சிரிப்போடு.

மூன்றும் கொம்பையா வெவ்வேறு காலத்தில் சந்தேகப்பட்டவை. அவர் எழுந்து சபூராவிடம் போனார். "என்ன தாயி, வாய்க்கு வந்ததைச் சொல்லுதான்?"

"வேற எதுவும் அவர்கிட்ட இல்ல, பெரியவரே." அவள் தயங்கித் தயங்கிச் சொன்னாள். "உங்ககிட்ட இருக்கிறதுதான் அவர்கிட்ட இருக்கும். உங்களுக்குத் தெரியாதது அவருக்கும் தெரியாது."

"அப்ப நான் இத்தனை நேரம் பேசிக்கிட்டு இருந்தது?"

சபூரா மேடையைப் பார்த்தாள். மேடையில் திரவியம் காதைத் தேய்த்துக்கொண்டு நின்றார்.

கொம்பையா அங்கிருந்து நேரே ஞானப்பூ வீட்டுக்குப் போனார். அவர் அந்த வீட்டுக்குள் நுழைவது அதுவே முதல்தடவை. கடலைப் பார்க்கும் ஜன்னலைத்தான் முதலில் பார்த்தார். அதில் கருவாடு காய்ந்துகொண்டிருந்தது. பெரிய ஜன்னலாகவும் இல்லை.

"வாங்க அண்ணாச்சி. செத்த பெறகாவது வழி தெரிஞ்சுதே" என்றாள் ஞானப்பூ. அவள் முறத்தில் அரிசி புடைத்துக்கொண்டிருந்தாள். குறைத்துக் கொடுத்த அரிசியில் கல் மட்டும் குறையவில்லை. "எங்க வீட்டு மனுசரோட நினைப்பைக் கேட்டு நீங்களும் வந்திருந்தா, மோர் குடிச்சுட்டுப் போயிருங்க."

"அதுக்கு வரல மதினி. ஒண்ணு கேக்கணும். என்னையே ஏன் குறைகாரனா வச்சிருந்தான்?"

அவள் முறத்தைக் கீழே வைத்தாள். "ஒங்களுக்குத் தெரியாதா?"

"தெரிஞ்சா ஏன் இம்புட்டுத் தூரம் நொண்டிக்கிட்டு வாரேன்?"

"வருசா வருசம் மாத்தணுமான்னு கட்சியில கேப்பாக. கொம்பையாவே இருக்கட்டும்னு இவரு கேட்டு வாங்குவாரு. குறைநாளன்னைக்குக் காலையில பாக்கணுமே, மாப்பிள்ளை மாதிரி சட்டை தேய்ச்சுப் போட்டுக்கிட்டு அலைவாரு. இந்த வருசம் கேட்டுருவான், இந்த வருசம் கேட்டுருவான்னு. திரும்பி வந்து செருப்பைக் கழட்டும்போதே மூஞ்சியைப் பாத்துத் தெரிஞ்சுக்கிடுவேன். 'இந்த வருசமும் கேக்கலட்டீ' அப்படிம்பாரு."

"எதை?"

"கஞ்சியை. வேற எதை? மேடையில நீங்க குறைன்னு சொல்லிட்டா இவரு ஏற்கிறேன்னுருவாரு. அப்புறம் பாடப்புத்தகத்துலயும் மாத்தித்தான் ஆகணும். அதுக்குன்னே உங்களை மேடையேத்திக்கிட்டு இருந்தாரு."

கொம்பையா தரையில் உட்கார்ந்தார். முழங்கால் மடங்கியது வலிக்கக்கூட இல்லை.

"அவனாச் சொன்னா என்ன? வாயில என்ன, கொழுக்கட்டையா?"

"நானும் அதைத்தான் கேட்டேன். 'அவன் கேக்கட்டும்'னாரு. நீங்க என்ன நெனச்சீங்க? அவனாச் சொல்லட்டும்னு. ரெண்டும் ஒரே கழுதை." அவள் முந்தானையால் முகத்தைத் துடைத்தாள். சிரித்தாளா அழுதாளா என்று தெரியவில்லை. "அவருக்கும் உங்கமேல இது உண்டு அண்ணாச்சி. நாடகம் நாடகமா எழுதித் தள்ளுனாரு. எந்த ஊருக்குப் போனாலும் அந்தக் கஞ்சியைப் போடுங்கன்னுதான் சனம் கேட்டுச்சு. 'நான் எழுதாத ஒண்ணுதான்டீ நிக்குது'ன்னு ஒருநாள் தட்டைத் தள்ளிட்டு எந்திரிச்சுப் போனாரு. அன்னைக்கு வச்ச மீன்குழம்பைப் பூனைக்கு ஊத்தினேன்."

தன்னைப் பார்த்து ஒருத்தன் தட்டைத் தள்ளியிருக்கிறான் என்பது கொம்பையாவின் மண்டைக்குள் இறங்க நேரமானது. பாடத்தைக் கேட்டு அவர் தள்ளிய தட்டு நினைவுக்கு வந்தது.

"இதை அந்தப் பொண்ணு மிசினுக்குக் கொடுக்கலாமே மதினி?"

"கொடுக்க மாட்டேன்." அவள் முறத்தை எடுத்துக்கொண்டாள். "அதை வச்சு அரிசியைக் குறைப்பானுக. ஒங்களுக்குச் சொல்லணும், சொல்லிட்டேன். மோர் தரட்டுமா?"

குறைநாள் வந்தது. துறைமுக மைதானத்தில் கால் வைக்க இடமில்லை. செத்த மந்திரி வருகிறார் என்று கேட்டுப் பச்சைப் பிள்ளைகளைக்கூடத் தூக்கிக்கொண்டு வந்திருந்தார்கள். வேலப்பன் மேடைக்குப் பின்னால் கொம்பையாவின் தோளில் கை போட்டார்.

"சின்னதா ஒரு குறை சொல்லுங்க, தோழர். ஓய்வில்லாம உழைக்கிறார்னு. செத்த பெறகும் உழைக்கிறார்னு. சனம் ரசிக்கும்."

"ரசிக்கும், ரசிக்கும்" என்றார் கொம்பையா.

வெளிச்சம் விழுந்தது. திரவியம் நின்றார். பெண்கள் குலவையிட்டார்கள். அந்த ஒரு மூச்சு நின்றது. மைதானம் மொத்தமும் மூச்சை நிறுத்தியது. பிறகு உருவம் வேலப்பன் எழுதிக் கொடுத்ததைப் பேசியது. கால் வயிறு காலியாக இருந்தால் என்ன, பிள்ளைகளின் நாளைக்காக என்றது. உப்பு மூட்டைக் காலத்தைச் சொன்னது. அழகாகத்தான் சொன்னது. சனம் கைத்தட்டியது. அரிசியைக் குறைத்ததற்குக் கைத்தட்டியது.

கொம்பையாவின் அடிவயிற்றில் அந்தப் பழைய தீ எழுந்தது. ஆனால் இந்தத் தடவை அது தனக்காக எழவில்லை என்பதை அவரே ஆச்சரியமாகப் பார்த்தார். அந்தக் கைத்தட்டு திரவியத்துக்கு வர வேண்டியது. அவன் சம்பாதித்து வைத்ததை எவனோ எடுத்துச் செலவழிக்கிறான்.

கொம்பையாவைக் கூப்பிட்டார்கள். மைக்கைப் பிடித்தார்.

"வழக்கமா ஒரு குறைதான் சொல்லணும்" என்றார். "ஒண்ணுதான் சொல்லுதேன். இவரு திரவியம் இல்ல."

மைதானத்தில் சலசலப்பு. வேலப்பன் பாதி எழுந்தார்.

"திரவியம் எங்கூட ஒருமணி நேரம் மல்லுக்கு நிக்காம எதையும் ஒத்துக்கிடமாட்டான். எனக்குத் தெரியாத ஒண்ணை மறைச்சு வச்சிருப்பான். இவருக்குள்ள இருக்கிறது பூராவும் நான். என் வயித்தெரிச்சல், அதுக்கு ஒரு வேட்டி. செத்தவனைப் பத்தி நான் நெனச்சதைத்தான் இத்தனை நேரம் கேட்டுக் கைத்தட்டினீங்க. அரிசி பேச்சு மட்டும் வேலப்பனோடது." உருவத்தின் பக்கம் திரும்பினார். "என்ன சொல்லுதீரு? ஏக்கீரா, மறுக்கீரா?"

உருவம் அவரைப் பார்த்தது. மறுக்க அதற்கு வழி எங்கே? பானையைக் கவிழ்த்த நாளிலிருந்து அவர் அதையேதானே நினைத்துக்கொண்டிருந்தார்.

"ஏற்கிறேன்" என்றது. "நான் திரவியம் இல்லை."

உருவத்தின் கை இடது காதுக்குப் போனது.

"ஆனா இந்தச் சனத்துக்கு முன்னால ஒண்ணு சொல்லணும்வே. அந்தக் கஞ்சிக் காட்சி..."

ஆயிரக்கணக்கான முகம் நிமிர்ந்தது. ரேடியோவில் நாடே கேட்டுக்கொண்டிருந்தது. கொம்பையா வாழ்நாளெல்லாம் காத்திருந்த பேச்சு, இன்னும் இரண்டு வார்த்தையில் வந்துவிடும். வந்தால் புத்தகத்தில் ஏறும்.

"வாயை மூடும்வே!" என்று கத்தினார். மைக்கில் இடி மாதிரி விழுந்தது. "அதைச் சொல்ல வேண்டியவன் நீ இல்ல."

உருவம் வாயை மூடிக்கொண்டது.

வேலப்பன் என்னென்னவோ சைகை காட்டினார். ஏற்றுக்கொண்ட குறை; பொழுது சாய்வதற்குள் தீர்க்க வேண்டும். திரவியமாக இல்லாததைத் தீர்க்க ஒரே வழிதான் இருந்தது. சபூரா யாரையும் கேட்கவில்லை. மேடையோரம் போய் விசையை அமுக்கினாள். முதலில் முடி போனது. கடைசியாக அந்த மூன்றாவது பொத்தான் போனது.

கொம்பையா மேடையிலிருந்து இறங்கினார். யாரும் கைத்தட்டவில்லை. ஒரு மூட்டைக்காரன் மட்டும் எழுந்து, "அப்ப எங்க அரிசி எங்கவே?" என்று வேலப்பனைக் கேட்டான். அவனுக்குப் பின்னால் இன்னொருத்தன் எழுந்தான். பிறகு கேட்டதெல்லாம் அரிசிச் சத்தம்தான்.

அந்த வாரமே பழைய அளவு அரிசி திரும்பி வந்தது. வேலப்பன் வேறு பொறுப்புக்குப் போனார். பாடப்புத்தகத்தில் 'மற்றொரு தோழர்' அப்படியேதான் இருக்கிறார்.

புதுப் பண்பாட்டு மந்திரி வந்தார்; படித்தவர், சுறுசுறுப்பானவர். ரயில் என்ஜின் சத்தத்தில் பாட்டு அமைத்துப் பேர் வாங்கியவர். அவரே ஒரு மத்தியானம் திரைக்கயிற்றுப் பக்கம் தேடி வந்து கையைக் கட்டிக்கொண்டு நின்றார்.

"ஐயா, மச்சானை வச்சுக் குறை சொல்ற ஆள் நான் இல்ல. எனக்கும் நீங்களே குறைகாரரா இருக்கணும். என்னைக் கொஞ்சம் கூர்ந்து பாத்துச் சொல்லுங்க."

கொம்பையா அவரை ஏற இறங்கப் பார்த்தார். நல்ல முடி. நல்ல சட்டை. வெளியே அவருக்காக ஒரு கூட்டம் காத்துக்கொண்டுமிருந்தது. வெகுநேரம் பார்த்தார். வயிற்றுக்குள் எதுவும் அசையவில்லை.

"வேற ஆளைப் பாருங்க, தம்பி" என்றார். "உங்களைப் பாத்தா எனக்குப் பொறாமையே வரமாட்டேங்குது."

கயிற்றை எடுத்துத் திரையை இழுக்கத் தொடங்கினார்.